கரை திரும்பிய கவிஞர்: விக்டர் ஹியூகோ

பிரெஞ்சு மகாகவி விக்டர் ஹியூகோவைத் தமிழ் வாசகர் பெரும்பாலும் ‘ஏழை படும் பாடு’ வழியாகவே அறிவர். கவியோகி சுத்தானந்த பாரதியார் தமிழில் தந்த அந்நூலும், அதே பெயரில் 1950இல் வெளிவந்த திரைப்படமும் அந்தப் பெருங்கதையை நம் வீட்டுக் கதையாகவே ஆக்கிவிட்டன. ஆயினும், மூலநூல் 1862இல் அச்சேறியபோது அதன் ஆசிரியர் தாய்நாட்டில் கால்வைக்க மறுத்து, பிரெஞ்சுக் கரையைத் தொலைவிலிருந்து பார்த்தபடி ஒரு தீவில் வாழ்ந்துகொண்டிருந்தார் என்பதை நாம் அத்துணை நினைப்பதில்லை.

அவர் நாடு நீங்கிய கதையைப் பலரும் எழுதியுள்ளனர். அவர் நாடு திரும்பிய கதையை இம்மலரில் நினைவுகூர விரும்புகிறேன். நீங்கியவர் திரும்பிவிட்டால் கதை நிறைவுற்றது என்று எண்ணுவது நம் இயல்பு. ஹியூகோவின் வாழ்விலோ, மிகக் கடினமான பகுதி திரும்பிய பிறகே தொடங்கிற்று.

அரசின் அன்பரும் அரசின் பகைவரும்

விக்டர் ஹியூகோ 1802 பிப்ரவரி 26ஆம் நாள் பெசான்சோன் நகரில் பிறந்தார். தந்தையார் நெப்போலியனின் படைத்தளபதி. தாயாரோ மன்னராட்சியில் பற்றுடையவர். நாட்டைப் பிளந்திருந்த கோடு அந்த வீட்டின் நடுவிலும் ஓடியது. இருபது வயதில் முதற் கவிதை நூல் வந்தது. மன்னர் பதினெட்டாம் லூயி உதவித்தொகை அளித்தார். 1830இல் ‘எர்னானி’ நாடகம் அரங்கையே போர்க்களமாக்கியது. 1831இல் ‘நோத்ர்தாம் தெ பாரி’ நாவல் வெளிவந்தது. 1841இல் பிரெஞ்சு அகாதெமியின் உறுப்பினர். 1845இல் பிரபுக்கள் அவையில் இடம். இடையில் 1843 செப்டம்பரில், மணமாகிச் சில மாதங்களே ஆன மூத்த மகள் லியோபோல்தின் தன் கணவருடன் வில்லெக்கியே என்னும் ஊரில் செய்ன் ஆற்றில் மூழ்கி இறந்தாள். அந்தத் துயரம் அவரை இறுதிவரை விடவில்லை.

1848இல் புரட்சி வந்தது, மன்னராட்சி வீழ்ந்தது. அவ்வாண்டு ஜூன் மாதத்தில் பாரிஸ் தொழிலாளர் பசியால் கிளர்ந்து தெருக்களில் தடுப்பரண்கள் எழுப்பினர். அப்போது தேசியப் பேரவை உறுப்பினராக இருந்த ஹியூகோ, கிளர்ச்சியை அடக்க அனுப்பப்பட்ட உறுப்பினர்களுள் ஒருவராகப் படைவீரர்களோடு அத்தடுப்பரண்களின் எதிரே நின்றார். அவ்வாண்டு இறுதியில் நடந்த குடியரசுத் தலைவர் தேர்தலில், நெப்போலியனின் தம்பி மகனான லூயி நெப்போலியனை அவரும் அவர் சார்ந்த செய்தித்தாளும் ஆதரித்தனர். இவ்விரண்டையும் மறைக்காமல் சொல்வது தேவை. பிற்காலத்து ஹியூகோவைப் புரிந்துகொள்ள இவையே திறவுகோல்.

தாம் ஆதரித்த தலைவரைப் பற்றி அவர் விரைவிலேயே தெளிந்தார். பேரவையில் வெளிப்படையாக எதிர்த்தார். 1851 டிசம்பர் 2ஆம் நாள் லூயி நெப்போலியன் ஆட்சிக் கவிழ்ப்பு நிகழ்த்திப் பேரவையைக் கலைத்தான். ஹியூகோ சில நாள்கள் மறைந்திருந்து எதிர்ப்பைத் திரட்ட முயன்றார்; முயற்சி பலிக்கவில்லை. டிசம்பர் 11ஆம் நாள் இரவு, அச்சுக்கோப்பவர் ஒருவரின் பெயரில் இருந்த கடவுச்சீட்டுடன், தொழிலாளியின் உடையில் பிரஸ்ஸெல்ஸுக்கு ரயில் ஏறினார். அவருக்காகத் தன் வாழ்வையே ஒப்படைத்திருந்த ஜூலியத் துருவே, பின்னாலேயே அவருடைய கையெழுத்துப் படிகளோடு வந்து சேர்ந்தார். அன்று ஹியூகோவுக்கு நாற்பத்தொன்பது வயது. அடுத்த மாதமே அவரை நாட்டைவிட்டு வெளியேற்றும் ஆணை முறைப்படி பிறந்தது.

கடல் நடுவே ஒரு மேசை

பிரஸ்ஸெல்ஸிலிருந்து ஜெர்சித் தீவு. 1855இல் அங்கிருந்தும் வெளியேற்றப்பட்டுப் பக்கத்துத் தீவான கெர்ன்சி. இரண்டும் ஆங்கில முடியாட்சிக்கு உட்பட்டவை. ஆயினும் பிரெஞ்சுக் கரைக்கு மிக நெருக்கமானவை. புதிய பேரரசனைச் சாடி எழுதிய ‘ஷாத்திமான்’ என்னும் கவிதைத் தொகுதி 1853இல் பெல்ஜியத்தில் அச்சாகி, கள்ளத்தனமாக எல்லை கடந்து பிரான்சுக்குள் கைமாறியது. 1856இல் வெளிவந்த ‘கோந்தாம்ப்லாசியோன்’ தொகுதியின் விற்பனைப் பணம் கெர்ன்சியில் ஒரு வீடு வாங்க உதவியது. ஒத்வில் இல்லம் எனப்படும் அவ்வீட்டின் உச்சியில் கண்ணாடியால் ஓர் அறை அமைத்தார். அங்கே நின்றபடியே எழுதுவார். வானம் தெளிந்த நாளில் அங்கிருந்து தாய்நாட்டின் கரை தெரியும். ‘ஏழை படும் பாடு’ நாவலை வாழ்வின் நடுப்பகுதியிலே தொடங்கி இடையில் நிறுத்தியிருந்தார். அதை மீண்டும் எடுத்து நிறைவுசெய்தது இக்காலத்திலேதான்.

1859 ஆகஸ்டில் பேரரசன் பொது மன்னிப்பு அறிவித்தான். நாடிழந்தோர் பலர் திரும்பினர். ஹியூகோ திரும்பவில்லை. விடுதலை திரும்பும்போதே தாமும் திரும்புவதாக அறிவித்தார். அந்தச் சொல்லுக்கு அவர் கொடுத்த விலை சிறிதன்று. பணமுடை அவருக்கு இருந்ததில்லை. ஆனால் குடும்பம் அந்தத் தீவில் சிதைந்தது. இளைய மகள் அதேல், காதல் என்று தான் நம்பிய ஒன்றைத் தேடி 1863இல் அட்லாண்டிக் கடலைக் கடந்து போய், பின்னர் மனம் பேதலித்தாள். மனைவியார் 1868 ஆகஸ்டில் பிரஸ்ஸெல்ஸில் காலமானார். வில்லெக்கியேயில் மகளின் அருகே தம்மை அடக்கம் செய்ய வேண்டும் என்பது அம்மையாரின் விருப்பம். சவப்பெட்டியோடு ஹியூகோ எல்லை வரை சென்றார். பெட்டி பிரான்சுக்குள் போயிற்று. கணவர் எல்லையிலே நின்றுவிட்டார். கொடுத்த சொல்லைக் காக்கும் மனிதனிடம் அச்சொல் எதையெல்லாம் கேட்கும் என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டுவதில்லை.

செப்டம்பர் 5

1870 ஜூலையில் பிரான்ஸ் பிரஷ்யா மீது போர் தொடுத்தது. செப்டம்பர் 2ஆம் நாள் செதான் களத்தில் பேரரசனே சரணடைந்தான். 4ஆம் நாள் பாரிசில் குடியரசு அறிவிக்கப்பட்டது. 5ஆம் நாள் ஹியூகோ பிரஸ்ஸெல்ஸ் ரயில் நிலையத்தில் பாரிசுக்குச் சீட்டு வாங்கினார்.

எல்லை தாண்டியதும் அவர் முதலில் கண்ட தாய்நாடு, தோற்றுப் பின்வாங்கிக்கொண்டிருந்த படைவீரர்கள். புழுதியும் சோர்வும் படிந்த அம்முகங்களைக் கண்டு முதியவரின் கண்கள் கலங்கின. இரவு ஒன்பதரை மணியளவில் பாரிசில் இறங்கியபோது பெருங்கூட்டம் காத்திருந்தது. தங்குமிடம் போய்ச் சேர்வதற்குள் நான்கு முறை அவர் பேச வேண்டியதாயிற்று. பத்தொன்பது ஆண்டுக் கனவு அன்றிரவு மெய்யாயிற்று என்றே எவரும் சொல்லியிருப்பர்.

விடிந்ததும் தெரிந்தது வேறொரு பாரிஸ். பேரரசனின் ஆணைப்படி ஒஸ்மான் என்னும் ஆட்சியாளர், 1853 முதல் நகரின் பழைய குறுகிய தெருக்களை இடித்து நேர்கோட்டு நெடுஞ்சாலைகள் அமைத்திருந்தார். ‘நோத்ர்தாம்’ நாவலில் ஹியூகோ கல் கல்லாகப் பாடிய பேராலயத்தைச் சுற்றி நெருங்கியிருந்த பழைய வீடுகள் பெரும்பாலும் இல்லை. ஆலயம் வெட்டவெளியில் தனித்து நின்றது. 1848இன் தடுப்பரண்கள் எழுந்த சந்துகளும் பல இடங்களில் மறைந்திருந்தன. தீவில் இருந்தபோது அவர் மனத்தில் நடந்து திரிந்த பாரிஸ், அவருடைய நூல்களில் மட்டுமே எஞ்சியிருந்தது.

செப்டம்பர் 19ஆம் நாள் ஜெர்மானியப் படை நகரை முற்றுகையிட்டது. அறுபத்தெட்டு வயதுக் கவிஞர் தேசியக் காவற்படையினரின் தொப்பியை அணிந்துகொண்டார். குதிரை இறைச்சியும், பின்னர் விலங்குக் காட்சிச்சாலை மிருகங்களின் இறைச்சியும் நகர மக்களின் உணவாயின. தடைசெய்யப்பட்டிருந்த ‘ஷாத்திமான்’ அக்டோபரில் முதன்முறையாகப் பிரெஞ்சு மண்ணில் வெளிப்படையாக அச்சாயிற்று. நாடக மேடைகளில் அக்கவிதைகள் வாசிக்கப்பட்டன. வசூலான பணத்தில் நகரின் காவலுக்குப் பீரங்கிகள் வார்க்கப்பட்டன. அவற்றுள் ஒன்றுக்கு விக்டர் ஹியூகோ என்றே பெயர் வைத்தனர். கவிதை பீரங்கியாவதைக் கண்ட கவிஞர் உலகில் மிகச் சிலரே.

ஆறு மாதத்தில் மீண்டும் அந்நியர்

1871 ஜனவரி இறுதியில் பாரிஸ் பணிந்தது. பிப்ரவரித் தேர்தலில் பாரிஸ் மக்கள் இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட வாக்குகளால் ஹியூகோவைப் பேரவைக்கு அனுப்பினர். பேரவை கூடியது போர்தோ நகரில். பாரிஸ் குடியரசை நாடியது. நாட்டுப்புறமோ மன்னராட்சியினரைத் தேர்ந்தெடுத்திருந்தது. அல்சாஸ், லொரேன் பகுதிகளை ஜெர்மானியருக்கு விட்டுக்கொடுக்கும் உடன்படிக்கையை அவர் எதிர்த்தார், அது நிறைவேறியது. பிரான்சுக்காக வாளேந்திப் போரிட்ட இத்தாலிய வீரர் கரிபால்டியின் தேர்தல் செல்லாது என்ற பேச்சு எழுந்தபோது, அவருக்காக வாதாட எழுந்த ஹியூகோவைக் கூச்சலிட்டு அடக்கினர். மார்ச் 8ஆம் நாள் அதே இடத்தில் பதவியைத் துறந்தார். பத்தொன்பது ஆண்டு காத்திருந்து அடைந்த குடியரசின் அவையில் அவர் அமர்ந்திருந்தது ஒரு மாதமும் இல்லை.

ஐந்து நாள் கழித்து, போர்தோ உணவகம் ஒன்றில் ஹியூகோ தம் மூத்த மகன் சார்லுக்காகக் காத்திருந்தார். வாடகை வண்டி வந்தது. வண்டிக்காரர் கதவைத் திறந்தபோது உள்ளே சார்ல் உயிரற்றுக் கிடந்தார். தந்தை மகனின் உடலோடு பாரிஸ் திரும்பிய நாள் மார்ச் 18. பாரிஸ் மக்கள் தம் நன்கொடையால் வார்த்த பீரங்கிகளை அரசுப் படை எடுத்துச் செல்ல வந்ததும் நகரம் கொதித்தெழுந்தது அன்றுதான். பாரிஸ் கம்யூன் பிறந்ததும் அன்றுதான். எழுந்துகொண்டிருந்த தடுப்பரண்களினூடே சவ ஊர்வலம் சென்றது. காவற்படையினர் ஆயுதம் தாழ்த்தி வணங்கி வழிவிட்டனர். இருபத்து மூன்று ஆண்டுகளுக்கு முன் எந்தத் தடுப்பரண்களை அடக்கப் போனாரோ, அத்தகைய தடுப்பரண் ஒன்று அவருடைய மகனுக்காகத் திறந்தது.

மகனின் சொத்து விவகாரங்களை முடிக்க அவர் பிரஸ்ஸெல்ஸ் சென்றார். கம்யூனை அவர் ஏற்றவரல்லர். அதன் வன்செயல்களைக் கண்டித்தார். அரசுப் படையின் வன்செயல்களையும் கண்டித்தார். ஏப்ரலிலேயே, பழிக்குப் பழி கூடாதென்னும் கருத்தில் கவிதை எழுதி வெளியிட்டார். இரு தரப்பும் கேட்கவில்லை. மே 21 முதல் 28 வரையிலான ‘இரத்த வாரத்தில்’ அரசுப் படை பாரிசுக்குள் புகுந்து பல்லாயிரம் பேரைக் கொன்றது.

தப்பி வருவோருக்குப் புகலிடம் இல்லை என்று பெல்ஜிய அரசு அறிவித்தது. உடனே ஹியூகோ செய்தித்தாளில் மடல் ஒன்று வெளியிட்டார். தோற்றவர்களுக்குத் தம் வீடு திறந்திருக்கும் என்பது அதன் சாரம். வீட்டு முகவரியும் அதில் இருந்தது. அச்சதுக்கத்தின் பெயரே தடுப்பரண் சதுக்கம் என்பது தற்செயல். மே 27ஆம் நாள் இரவு ஒரு கும்பல் அவ்வீட்டைக் கல்லெறிந்து தாக்கியது. உள்ளே தந்தையை இழந்திருந்த இரு பேரக்குழந்தைகள் இருந்தனர். கல்லெறிந்தவர்களை விட்டுவிட்டுக் கல்லடிபட்டவரையே பெல்ஜிய அரசு வெளியேற்றியது. லக்சம்பர்க் சென்று சில மாதங்கள் தங்கினார். நாடு திரும்பி ஓராண்டு நிறையுமுன் மீண்டும் வேற்றூர் வாசம்.

அவ்வாண்டு செப்டம்பரில் பாரிஸ் வந்து, சிறைப்பட்டோருக்காக ஆட்சியாளரிடம் மன்றாடினார். 1872 ஜனவரித் தேர்தலில் நின்றபோது பாரிஸ் நகரமே அவரைத் தோற்கடித்தது. வரவேற்க ரயில் நிலையத்தில் திரண்ட அதே நகரம்! அதற்கடுத்த மாதம் இளைய மகள் அதேல் கடல் கடந்து அழைத்து வரப்பட்டாள். மனநோய் விடுதியில் சேர்க்க வேண்டியதாயிற்று. அவளும் தாய்நாடு திரும்பியவள்தான்.

தீவுக்கே திரும்புதல்

1872 ஆகஸ்டில் ஹியூகோ செய்த செயல் கவிஞர்கள் கருதிப் பார்க்கத்தக்கது. எவரும் விரட்டாமலே அவர் கெர்ன்சித் தீவுக்குச் சென்றார். அந்தக் கண்ணாடி அறையில் நின்று ‘தொண்ணூற்று மூன்று’ என்னும் தம் கடைசி நாவலை எழுதினார். 1874இல் அது வெளிவந்தது. 1793இல் புரட்சிக் குடியரசுக்கும் வாந்தே பகுதியின் மன்னர் பற்றாளருக்கும் நடந்த உள்நாட்டுப் போர் அதன் களம். அப்போரில் அவருடைய தந்தை குடியரசின் பக்கம் போரிட்டவர். தாய் வீட்டார் அதே வட்டாரத்தவர். எரியும் கோட்டையில் சிக்கிய குழந்தைகளைக் காக்கத் திரும்பி வந்து பிடிபடுகிறான் மன்னர் தரப்புத் தலைவன். அந்த அருட்செயலைக் கண்ட குடியரசுத் தளபதி அவனைத் தப்பவிட்டுத் தன் தலையைக் கொடுக்கிறான்.

நடந்து முடிந்த கம்யூனைப் பற்றிப் பேச முடியாத நாட்டுக்கு, எண்பதாண்டுப் பழங்கதையின் வழியாக அவர் பேசினார். அண்ணன் தம்பியர் வெட்டி மடிந்த பிறகு எஞ்சுவது என்ன என்பதே அந்நாவலின் கேள்வி. தாய்நாட்டை எழுதத் தாய்நாட்டினின்று சற்று விலகிய கரை அவருக்கு வேண்டியிருந்தது. எந்தத் தீவு சிறையாக இருந்ததோ, அதுவே எழுத்துக்கு வீடாகியிருந்தது. மறுபுறம், 1873 இறுதியில் கடைசி மகன் பிரான்சுவா விக்டரும் இறந்தார். தந்தையோடு தீவில் இருந்து ஷேக்ஸ்பியரின் படைப்புகள் முழுவதையும் பிரெஞ்சில் பெயர்த்தவர் அவர்.

பத்துப் பேர்

1876 ஜனவரியில் ஹியூகோ மேலவை உறுப்பினரானார். தளர்ந்த வயதில் கிடைத்த அந்த இடத்தை அவர் ஒன்றுக்காகவே பயன்படுத்தினார் எனலாம். கம்யூன் கிளர்ச்சியில் ஈடுபட்டோர் நான்காயிரத்துக்கும் மேற்பட்டோர் பசிபிக் கடலிலுள்ள நியூ கலிடோனியாத் தீவுக்கு நாடு கடத்தப்பட்டிருந்தனர். வேறு பலர் லண்டனிலும் ஜெனீவாவிலும் ஒளிந்து வாழ்ந்தனர். அவர்களுக்கு முழுப் பொது மன்னிப்பு வழங்க வேண்டும் என்று தீர்மானம் கொணர்ந்து, 1876 மே 22ஆம் நாள் மேலவையில் பேசினார். 1851இல் ஆட்சியைக் கவிழ்த்துக் கொலை புரிந்தவர்கள் பதவி பெற்றதையும், 1871இல் தோற்ற ஏழைகள் கடல் கடத்தப்பட்டதையும் அருகருகே வைத்துக் காட்டினார். அவை அமைதியாகக் கேட்டது. வாக்கெடுப்பில் அவருக்காக உயர்ந்த கைகள் ஏறத்தாழப் பத்து.

அவர் விடவில்லை. 1879இல் மீண்டும் பேசினார். அவ்வாண்டு அரைகுறை மன்னிப்பு வந்தது. 1880 ஜூலை 3ஆம் நாள் மூன்றாம் முறையாகப் பேசினார். ஜூலை 11ஆம் நாள் முழுப் பொது மன்னிப்புச் சட்டம் நிறைவேறியது. மூன்று நாள் கழித்து, பிரான்ஸ் ஜூலை 14ஐ முதன்முறையாகக் குடியரசின் தேசிய நாளாகக் கொண்டாடியது. அவ்வாண்டு நவம்பரில், நியூ கலிடோனியாவில் ஏழாண்டு இருந்த லூயிஸ் மிஷேல் பாரிஸ் நிலையத்தில் வந்து இறங்கினார். பள்ளி ஆசிரியை; இளமையிலேயே தம் கவிதைகளை ஹியூகோவுக்கு அனுப்பி மடல் எழுதி வந்தவர்; தண்டனை பெற்ற நாளில் ஹியூகோ அவரைப் போற்றிக் கவிதை எழுதியிருந்தார். 1870இல் கவிஞரை வரவேற்றது போலவே அம்மாதரசியையும் மக்கள் வெள்ளம் வரவேற்றது.

1881 பிப்ரவரியில், எண்பதாம் அகவையில் அவர் அடியெடுத்து வைத்தபோது லட்சக்கணக்கானோர் அவர் வீட்டுச் சாளரத்தின் கீழ் நடந்து சென்று வாழ்த்தினர். 1883இல் ஜூலியத் துருவே மறைந்தார். 1885 மே 22ஆம் நாள், பொது மன்னிப்புக்காக முதலில் பேசிய அதே தேதியில், ஹியூகோ காலமானார். ஏழைகளின் சவ வண்டியிலேயே தம்மைக் கொண்டுசெல்ல வேண்டும் என்று எழுதிவைத்திருந்தார். ஜூன் 1ஆம் நாள் வெற்றி வளைவிலிருந்து பாந்தியோன் வரை அந்த எளிய வண்டியின் பின்னே பாரிஸ் நகரமே நடந்தது.

அவர் குறையற்றவரல்லர். தற்பெருமை மிக்கவர், அவரை நேசித்த பெண்கள் பட்ட வருத்தம் பெரிது. 1848இல் தவறான பக்கம் நின்றவர். ஆனால், அந்தத் தவற்றை மறந்துவிடாதிருந்தவர். தாம் திரும்பிவிட்ட பிறகு, வெளியே நிற்பவர்களை மறப்பது அவருக்கு மிக எளிதாயிருந்திருக்கும். புகழும் பொருளும் நிறைந்திருந்தன. வயதும் ஒரு சாக்காயிருந்திருக்கும். அவரோ எல்லையில் நின்ற அந்த நாளை நினைவில் வைத்திருந்தார்.

1870 செப்டம்பர் 5ஆம் நாள் விக்டர் ஹியூகோ பாரிஸ் வந்து சேர்ந்தார் என்று வரலாற்று நூல்கள் குறிக்கின்றன. அன்று அவர் ரயிலை விட்டு இறங்கினார், அவ்வளவே. அவர் நாடு திரும்பிய நாள், மற்றவர்களுக்கும் கதவு திறந்த 1880 ஜூலை 11 என்றே எனக்குத் தோன்றுகிறது.